வெட்டி எடுத்த ஒன்பது நிமிடம்

ரூஜ், ஸ்காபரோ
11 பெப்ரவரி 2024

அன்புள்ள புனிதா அக்கா,

உறையில் என் பெயரைப் பார்த்ததும் கிழித்துப் போடாமல் இதுவரை வாசித்திருந்தால் அதற்கே நன்றி. நான் துர்க்கா. 1998இல் மார்க்கம் ரோட்டில் நீங்கள் இருந்த மாடிக் கட்டடத்துக்குப் படம் எடுக்க வந்தாரே, ஹங்கேரிக்காரப் பெண்மணி இலோனா ரேவேஸ், அவருடைய மாணவி. அவருக்குத் தமிழ் தெரியாது, உங்களுக்கு அப்போது ஆங்கிலம் வராது. நடுவில் நின்று மொழிபெயர்த்தவள் நான்.

உங்கள் விலாசத்தைக் கீழ்மாடிக் குலசிங்கம் அங்கிளிடம் வாங்கினேன். தொலைபேசி எண்ணும் தந்தார். எடுக்கத் துணிவு வரவில்லை. கடைசியாக நாங்கள் பேசியது ஒரு படிக்கட்டில். பேசியது நான் மட்டும்தான். "உங்களாலதான் அவவின்ர படம் செத்துப்போச்சு" என்று நான் கத்தியது எனக்கு மறக்கவில்லை. உங்களுக்கும் மறந்திருக்காது.

இப்போது எனக்கு நாற்பத்தொன்பது வயது. படத்தொகுப்பு செய்கிறேன். இலோனா படிப்பித்த அதே கல்லூரியில் வாரத்தில் இரண்டு நாள் படிப்பிக்கிறேன். வருகிற மே மாதம் இலோனாவின் படங்களை ஒன்றாகத் திரையிட ரொறன்ரோ டவுன்டவுனில் ஒரு சிறிய திரையரங்கு முன்வந்திருக்கிறது. அவருக்கு எண்பது வயது ஆகிறது. ஒழுங்குபடுத்தும் பொறுப்பு என்னுடையது.

அவருடைய வீட்டில் படச்சுருள்களை அடுக்கும்போது ஒரு தகரப் பெட்டி கிடைத்தது. மூடியில் "பு. 9 நிமிடம்" என்று எழுதியிருந்தது. 'சனிக்கிழமை உடுப்புகள்' படத்திலிருந்து நீங்கள் வெட்டச் சொன்ன பகுதி, அக்கா. எரித்திருப்பார் என்று நினைத்திருந்தேன். நீங்கள் உடுப்புத் தோய்க்கும் அறையில், அந்த மெஷின்களுக்கு முன்னால், உங்கள் கணவரைப் பற்றிப் பேசியது முழுவதும் அப்படியே இருக்கிறது.

அதைத் திரும்பப் படத்தில் சேர்க்க உங்கள் அனுமதியைக் கேட்கத்தான் இந்தக் கடிதம். அந்த ஒன்பது நிமிடம் இல்லாததால் படத்தின் நடுவில் ஒரு குழி விழுந்தது. படத்தைப் பார்த்தவர்கள் எல்லோரும் அதைத்தான் சொன்னார்கள். அதற்குப் பிறகு இலோனாவுக்கு அடுத்த படம் எடுக்க ஒருவரும் உதவவில்லை. இருபத்தாறு வருடம் போய்விட்டது. உங்கள் மகனும் வளர்ந்திருப்பான். இப்போதாவது மனம் இளகாதா என்று கேட்கிறேன்.

துர்க்கா


விட்பி
20 பெப்ரவரி 2024

துர்க்காவுக்கு,

கடிதம் கிடைத்தது. போன் எடுக்காமல் விட்டது நல்லது. எடுத்திருந்தால் வைத்திருப்பேன். இனியும் எடுக்க வேண்டாம். எழுதினால் யோசித்துப் பதில் போடுவேன்.

பதில், இல்லை.

மகன் வளர்ந்துவிட்டான் என்று எழுதியிருக்கிறீர். ஓம், அபிஷனுக்கு முப்பத்துநாலு வயது. மின்சார வேலை செய்கிறான். இந்த வீட்டை இரண்டு பேருமாகத்தான் வாங்கினோம். அவனுடைய தகப்பன் 1991இல் ஊரில் செத்துப்போனார் என்றுதான் அவனுக்குத் தெரியும். ஒவ்வொரு வருடமும் ஆடி அமாவாசைக்கு வேலைக்கு லீவு போட்டு, கோயிலுக்குப் போய், தகப்பனுக்கு விரதம் இருக்கிறான். சின்னவனாக இருக்கும்போது தொடங்கினது. ஒரு வருடமும் தவறவிட்டதில்லை. அவன் அரிசியும் எள்ளும் இறைப்பதைப் பார்த்துக்கொண்டு நான் பின்னால் நிற்பேன். நான் எப்படி நின்றிருப்பேன் என்று நீரே யோசித்துப் பாரும்.

என் புருசன் தியாகலிங்கம் சாகவில்லை என்று உம்முடைய கமராவுக்கு முன்னால் சொன்னேன். பாரிசில் இன்னொருத்தியோடு இருக்கிறார், என்னை வரவேண்டாம் என்று கடிதம் போட்டார் என்று சொன்னேன். ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் எனக்கு விளங்கவில்லை. அந்தப் பெண்மணி ஒன்றும் கேட்காமல் ஒரு கதிரையைப் போட்டுப் பக்கத்தில் இருந்தார். ஐந்து சனிக்கிழமை அப்படியே வந்து இருந்தார். ஆறாவது சனிக்கிழமை வாயிலிருந்து தானாக வந்துவிட்டது. இந்த நாட்டில் என்னை ஒன்றும் கேட்காமல் என் பக்கத்தில் இருந்த முதல் ஆள் அவர்.

குடிவரவு அதிகாரிகளிடம் நான் பொய் சொல்லவில்லை. ஊர்ச்சனத்துக்குத்தான் சொன்னேன். புருசன் செத்தவள் என்றால் ஒரு இரக்கம் இருந்தது. விட்டுவிட்டுப் போனான் என்றால் என்னிடம் என்ன குறை என்று பார்ப்பார்கள்.

படம் செத்தது என்னால் என்று மறுபடியும் எழுதியிருக்கிறீர், மெதுவான வார்த்தையில். பரவாயில்லை.

தி. புனிதவதி


ரூஜ்
2 மார்ச் 2024

அன்புள்ள புனிதா அக்கா,

உங்கள் கடிதத்தை வைத்துக்கொண்டு பத்து நாளாகப் பதில் எழுதப் பார்க்கிறேன். அனுமதி இனிக் கேட்கமாட்டேன். ஆனால் உங்களுக்குச் சொல்லாத ஒன்று இருக்கிறது.

அந்தச் சனிக்கிழமைக்கு அடுத்தநாளே நீங்கள் என்னைப் போனில் கூப்பிட்டு, "தங்கச்சி, நான் சொன்னதை எடுத்துவிடச் சொல்லும்" என்றீர்கள். "சொல்லுறன் அக்கா" என்றேன். சொல்லவில்லை. புதன்கிழமை திரும்பவும் கூப்பிட்டீர்கள். அன்றைக்கு இலோனா பக்கத்தில் இருந்தார். "என்ன சொல்கிறாள்?" என்று கேட்டார். "வெட்கப்படுகிறார், போகப் போகச் சரியாகிவிடும்" என்றேன். உங்கள் பேச்சை நான் மொழிபெயர்க்கவில்லை, மாற்றினேன். அந்தக் காட்சி படத்தில் இருக்க வேண்டும் என்று எனக்கு அவ்வளவு ஆசை. இருபத்துமூன்று வயதில் அதுதான் உலகத்திலேயே பெரிய விஷயமாக இருந்தது.

வெள்ளிக்கிழமை நீங்களே பஸ் மாறி மாறி வந்து படத்தொகுப்பு அறைக் கதவில் தட்டினீர்கள். உங்களுக்குத் தெரிந்த ஆங்கிலம் அவ்வளவும் அதில் இருந்தது. "பிளீஸ். மை சன்." இலோனா ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கையுறையைப் போட்டுக்கொண்டு, உங்கள் கண்ணுக்கு முன்னாலேயே அந்தச் சுருளை வெட்டினார். அதற்குப் பிறகுதான் நான் உங்கள் பின்னால் படிக்கட்டுக்கு ஓடிவந்து கத்தினேன். பிழை செய்தவள் நான், கத்தியவளும் நான்.

எனக்கு ஏன் அவ்வளவு கோபம் என்றால், அக்கா, இலோனா எதையும் வெட்டாதவர் என்பதுதான் எங்களுக்கு அவருடைய பெருமை. புடாபெஸ்டில் படித்துவிட்டு அரசாங்க ஸ்ரூடியோவில் வேலை செய்தவர். 1977இல் ஒரு நூற்பாலைப் பெண்களைப் பற்றி 'பஞ்சு' என்று ஒரு படம் எடுத்தார். அதில் மார்கித் போடோ என்ற பெண் நான்கு நிமிடம் பேசுகிறாள். நல்ல ஷிப்ட் வேண்டுமென்றால் மேற்பார்வையாளனின் அறைக்குப் போக வேண்டும் என்று சொல்கிறாள். அந்த நான்கு நிமிடத்தை வெட்டு என்று அமைச்சு உத்தரவிட்டது. இலோனா மறுத்தார். படத்தைப் பூட்டி வைத்தார்கள். ஏழு வருடம் சிறுவர்களுக்கான பொம்மைப் படங்களுக்குக் கதைவசனம் எழுதிச் சீவித்தார். பிறகு ஒரு சூட்கேசோடு ரொறன்ரோவுக்கு வந்தார். ஆட்சி மாறியபோது 'பஞ்சு' வெளியே வந்தது. அந்த நான்கு நிமிடத்துக்காகவே அந்தப் படத்தை உலகம் எல்லாம் காட்டினார்கள்.

அமைச்சுக்கு வெட்டாதவர் உங்களுக்காக ஒரு நிமிடத்தில் வெட்டினார். அதை என்னால் தாங்க முடியவில்லை.

இன்னொன்று. இந்தக் கடிதங்கள் பற்றி அவருக்குத் தெரியாது. பெட்டியைக் கண்டதும், "அவளைக் கேட்காதே" என்றுதான் சொன்னார். ஜனவரியில் பனியில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு உடைந்து, ஆஸ்பத்திரியில் இருக்கிறார்.

மன்னிப்புக் கேட்க எனக்கு வேறு சொல் தெரியவில்லை.

துர்க்கா


விட்பி
17 மார்ச் 2024

துர்க்கா,

நீர் சொல்லாமல் விட்டது எனக்கு அப்போதே தெரியும். புதன்கிழமை போனில் உம்முடைய ஆங்கிலம் கேட்டது. "ஷை" என்றீர். அந்தச் சொல் எனக்குத் தெரியும், அப்போது வேலை செய்த பேக்கரியில் சுப்பர்வைசர் என்னை அப்படித்தான் சொல்வார்.

எந்த ஆஸ்பத்திரி? எத்தனையாம் மாடி?

தி. புனிதவதி


ரூஜ்
20 மார்ச் 2024

அன்புள்ள புனிதா அக்கா,

விலாசத்தைத் தனித்தாளில் எழுதி வைத்திருக்கிறேன். நடக்கப் பழக்குகிற ஆஸ்பத்திரி அது. நான்காவது மாடி, ஜன்னல் பக்கக் கட்டில். யூனியன் ஸ்ரேசனில் இறங்கினால் ஸ்ரீட்கார் இருக்கிறது. காலையில் உடற்பயிற்சி, மத்தியானத்துக்குப் பிறகு போங்கள். காது சற்று மந்தம். இடது பக்கம் இருந்து பேசுங்கள்.

அந்தப் பெட்டி பற்றி நான் உங்களுக்கு எழுதியதை அவரிடம் இன்னும் சொல்லவில்லை. நீங்கள் சொன்னால் திட்டு எனக்குத்தான் விழும். விழட்டும்.

துர்க்கா


விட்பி
7 ஏப்ரல் 2024

அன்புள்ள துர்க்கா,

நேற்றுப் போனேன். முதலில் சிரிப்பை எழுதுகிறேன். நான் வேலை செய்வது முதியோர் இல்லச் சமையலறை. எப்படிச் சூப் வைத்தால் வயதானவர்கள் குடிப்பார்கள் என்று எனக்குத் தெரியும் என்ற மிதப்பில் பிளாஸ்கில் கோழிச் சூப் கொண்டுபோனேன். ஒரு கரண்டி குடித்துவிட்டு உப்பில்லை என்றார். தாதியிடம் உப்புக் கேட்டேன், தரமாட்டேன் என்றாள். அவள் நாளைக்கு வரும் கிரகணத்தைப் பார்க்கக் கறுப்புக் கண்ணாடி தேடிக்கொண்டு திரிந்தாள்.

என்னை உடனே மட்டுக்கட்டிவிட்டார். "புனிதா, உன்னுடைய தலைமுடி எங்கே?" என்றார். அப்போது எனக்கு இடுப்புக்குக் கீழே பின்னல். சமையலறை வேலைக்கு வந்ததும் வெட்டினது. இருபத்தாறு வருடத்தில் அதைக் கேட்ட முதல் ஆள் அவர்தான்.

நீர் எழுதியதைச் சொன்னேன். உம்மைத் திட்டினார், அவருடைய பாசையில். எனக்கு விளங்காததால் உமக்கு நட்டமில்லை.

நான் நேராகக் கேட்டேன். "அண்டைக்கு ஏன் வெட்டினீங்கள்? என்னால உங்கட படம் பழுதாப் போச்சாம். ஏன் ஒரு கேள்வியும் கேக்கேல்ல?" அவர் சொன்ன ஆங்கிலத்தை எனக்கு விளங்கிய தமிழில் எழுதுகிறேன்.

நூற்பாலைப் படம் முடிந்த நேரம் அந்த மார்கித் என்ற பெண் ஐந்து மணித்தியாலம் ரயிலில் புடாபெஸ்டுக்கு வந்திருக்கிறாள். இவருடைய ஸ்ரூடியோ நடையில் தலைச்சீலையைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாளாம். "நான் பேசியதை எடுத்துவிடுங்கள். என் புருசன் பார்த்தால் நான் இருக்க முடியாது" என்று கேட்டிருக்கிறாள். இவர் மறுத்துவிட்டார். அதே கிழமைதான் அமைச்சும் வெட்டு என்று சொல்லியிருந்தது. "இப்போது வெட்டினால் அவர்கள் வென்றுவிடுவார்கள்" என்று மார்கித்துக்கு விளக்கம் சொன்னாராம். அவள் கேட்டுக்கொண்டு நின்றுவிட்டு அடுத்த ரயிலில் போய்விட்டாள்.

படத்தைப் பூட்டி வைக்க முன்னம் ஆலை மேலதிகாரிகளுக்கு ஒருமுறை போட்டுக் காட்டியிருக்கிறார்கள். அந்த மேற்பார்வையாளன் முன்வரிசையில் இருந்து பார்த்தான். மார்கித்தின் வேலை போனது. புருசன் பெட்டியைத் தூக்கி வெளியே வைத்தான். பிள்ளைகள் அவனோடு. ஆட்சி மாறிய பிறகு இலோனா அவளைத் தேடிப் போயிருக்கிறார். வேறொரு ஊரில் ஒரு கன்ரீனில் நின்றாள். இவரைக் கண்டதும் ஏப்ரனைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு உள்ளே போனாள். திரும்பி வரவில்லை.

"நீ அன்றைக்குக் கதவில் தட்டினபோது உன்னை நான் காணவில்லை. மார்கித்தைத்தான் கண்டேன். இரண்டாவது தரமும் அதே நடையில் வந்து நிற்கிறாள் என்று நினைத்தேன்" என்றார்.

"துர்க்காவுக்கு இது தெரியாதோ?" என்றேன். "அவர்களுக்கு ஒரு வீராங்கனை தேவைப்பட்டாள். எனக்கும் தேவைப்பட்டாள்" என்றார்.

துர்க்கா, எனக்கு மனம் கேட்கவில்லை. "அப்ப நான் இப்ப ஓம் சொல்லுறன். போட்டுக் காட்டுங்கோ" என்றேன். தலையை ஆட்டினார். "நீ என்னில் இரக்கப்பட்டு ஓம் சொல்கிறாய். அந்த ஓம் எனக்கு வேண்டாம். மகனுக்குச் சொல்ல விருப்பமென்றால் அவனுக்காகச் சொல். படத்துக்காகச் சொல்லாதே" என்றார்.

வெளியே வந்து ஸ்ரீட்கார் தரிப்பில் இருந்து அழுதேன். எதற்கென்று தெரியவில்லை.

உமக்கும் ஒன்று சொல்ல வேண்டும். 2017இல் இணையத்தில் ஒரு மரண அறிவித்தல் கண்டேன். தியாகலிங்கத்தின் படம். பாரிசில் காலமானார். அன்புக் கணவர் என்ற இடத்தில் அந்த இன்னொருத்தியின் பெயர். அன்புத் தந்தை என்ற இடத்தில் இரண்டு பெண்பிள்ளைகளின் பெயர். அன்றைக்குத்தான் நான் உண்மையிலேயே விதவையானேன். ஒருவருக்கும் சொல்ல முடியவில்லை, எல்லோரும் எப்போதோ துக்கம் விசாரித்து முடிந்திருந்தது.

புனிதவதி


ரூஜ்
14 ஏப்ரல் 2024

அன்புள்ள புனிதா அக்கா,

இன்று வருடப்பிறப்பு. வாழ்த்து எழுத உட்கார்ந்தேன், வேறு எழுதுகிறேன்.

உங்கள் கடிதத்தை வாசித்ததும் காரை எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். சண்டை பிடிக்கத்தான் போனேன். "இவ்வளவு வருடமாக மாணவர்களுக்கு நான் சொன்னது பொய்யா? எனக்கு ஏன் சொல்லவில்லை?" என்று கேட்டேன். கட்டிலில் நிமிர்ந்து இருந்துகொண்டு சொன்னார்: "நீ வகுப்பில் அந்தப் படத்தை எத்தனை தரம் போட்டாய்? ஒவ்வொரு தரமும் வந்து என்னிடம் வெளிச்சத்தைப் பற்றிக் கேட்டாய், ஒலியைப் பற்றிக் கேட்டாய், அமைச்சைப் பற்றிக் கேட்டாய். அந்தப் பெண்ணுக்குப் பிறகு என்ன நடந்தது என்று ஒரு நாளாவது கேட்டாயா?"

கேட்கவில்லை, அக்கா. பதினொரு வருடம் அந்த நான்கு நிமிடத்தைப் போட்டுக் காட்டியிருக்கிறேன். மார்கித்தின் முகத்தில் எங்கே நிழல் விழுகிறது என்று இப்போதும் கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். அவளுக்கு எத்தனை பிள்ளைகள் என்று எனக்குத் தெரியாது. உங்கள் கடிதத்தில்தான் பிள்ளைகள் இருந்ததே தெரிந்தது.

இலோனா எங்களுக்கு முதல் நாள் சொல்லித்தந்தது, கமராவை எடுக்க முன்னம் கதிரையை எடு என்பது. போய்ப் பக்கத்தில் இரு, கேட்காதே, காத்திரு என்பார். நாங்கள் அதை ஒரு தொழில் நுட்பமாகப் படித்துக்கொண்டோம். எப்போது எழும்பிப் போக வேண்டும் என்பதை ஒருவரும் படிக்கவில்லை.

திரையிடலுக்கு நான் எழுதி வைத்திருந்த அறிமுகக் குறிப்பு "வெட்ட மறுத்தவர்" என்று தொடங்கியது. அழித்துவிட்டேன். வேறு தொடக்கம் வரவில்லை.

இதனுடன் வரும் பார்சலில் அந்தத் தகரப் பெட்டி இருக்கிறது. வீட்டில் போட்டுப் பார்க்கக் கூடியவாறு ஒரு பிரதியும் எடுத்து வைத்திருக்கிறேன். என்னிடம் வேறு பிரதி இல்லை. அபிஷனுக்குச் சொல்வதும் விடுவதும் உங்கள் விருப்பம்.

துர்க்கா


விட்பி
5 மே 2024

அன்புள்ள துர்க்கா,

சொல்லிவிட்டேன்.

போன ஞாயிற்றுக்கிழமை அவன் பின்வளவில் வேலி அடைத்துக்கொண்டு நின்றான். தேத்தண்ணி கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, "அபி, அப்பாவைப் பற்றி ஒரு கதை இருக்கு" என்றேன். சுத்தியலைக் கையில் வைத்துக்கொண்டே முழுவதையும் கேட்டான். முடிந்த பிறகு, "வெயிட். அவர் எப்ப செத்தவர்?" என்றான். "ரெண்டாயிரத்துப் பதினேழு." "சோ, நான் கிரேட் த்ரீல இருந்து விரதம் பிடிச்சது உயிரோட இருந்த ஆளுக்கு." "ஓம்." "நீங்கள் பின்னால நிண்டு பாத்துக்கொண்டு இருந்தனீங்கள்." "ஓம்."

அதுவரை கத்தவில்லை. மரண அறிவித்தலைக் காட்டச் சொன்னான். காட்டினேன். அந்த இரண்டு பெண்பிள்ளைகளின் பெயரைக் கண்டதும்தான் குரல் எழும்பியது. "எனக்குத் தங்கச்சிமார் இருக்கினம், அம்மா! நான் ஒரு தனிப்பிள்ளை எண்டு நினைச்சுக்கொண்டு வளர்ந்தனான். ஏழு வருசமா உங்களுக்கு இது தெரியும்!"

நான் அவனுக்கு ஒரு தகப்பனை மறைத்தேன் என்றுதான் நினைத்திருந்தேன். அந்தப் பிள்ளைகளைப் பற்றி யோசிக்கவே இல்லை. அவர்களை அவளுடைய பிள்ளைகள் என்றுதான் எனக்குத் தெரியும். இவனுடைய சகோதரிகள் என்று ஒரு நாளும் நினைத்துப் பார்த்ததில்லை.

இப்போது ஒரே வீட்டில் இருக்கிறோம், பேச்சில்லை. பால் முடிந்துவிட்டது, காஸ்காரன் வியாழன் வருவான் என்று பிரிட்ஜில் துண்டு எழுதி ஒட்டிவிட்டுப் போகிறான். என்னுடைய மருந்து முடிந்தால் தானாக வாங்கி வந்து மேசையில் வைக்கிறான். அதைப் பார்க்கத்தான் இன்னும் கூடச் சுடுகிறது.

பார்சல் பிரிக்காமல் அலுமாரியில் இருக்கிறது. திரையிடலுக்கு நான் வரமாட்டேன். மண்டபத்தில் என் முகத்தை அவ்வளவு பெரிதாகப் பார்க்க எனக்கு இப்போது தெம்பில்லை. நீர் அனுப்பிய அழைப்பிதழை மட்டும் துண்டு ஒட்டுகிற இடத்தில் ஒட்டி வைத்திருக்கிறேன்.

புனிதவதி


ரூஜ்
27 மே 2024

அன்புள்ள புனிதா அக்கா,

நேற்று நடந்ததை மறக்க முன்னம் எழுத வேண்டும்.

முதலில் சனிக்கிழமை நடந்தது. இலோனாவை ஆஸ்பத்திரியிலிருந்து சக்கரநாற்காலியில் என் படத்தொகுப்பு அறைக்குக் கூட்டிவந்தேன். 'பஞ்சு' படத்தின் திரையிடல் பிரதியைப் போடச் சொன்னார். மார்கித் வாயைத் திறக்கிற இடம் வந்ததும், "இங்கே வெட்டு" என்றார். "இது வரலாறு, இலோனா. நீங்கள் எல்லாவற்றையும் இழந்தது இந்த நான்கு நிமிடத்துக்காக" என்றேன். "நான் வேலையை இழந்தேன். அவள் பிள்ளைகளை இழந்தாள். அவள் என்னிடம் கேட்டாள், துர்க்கா. நாற்பத்தேழு வருடமாக அந்தக் கேள்விக்கு நான் பதில் சொல்லவில்லை" என்றார். கணினியில் ஒரு நொடி வேலை அது. எனக்கு அரை மணித்தியாலம் எடுத்தது.

நேற்று மத்தியானம் அரங்கு நிறைந்த கூட்டம். பழைய மாணவர்கள் வன்கூவரில் இருந்தெல்லாம் வந்திருந்தார்கள். 'பஞ்சு' ஓடி முடிந்ததும் மண்டபத்தில் முணுமுணுப்பு. அந்த நான்கு நிமிடத்துக்காகவே வந்தவர்கள் பாதிப்பேர். பிரதியில் ஏதோ பிழை என்று நினைத்தார்கள். அரங்கு நடத்துகிற எட்வேட்டுக்கும் ஒன்றும் விளங்கவில்லை. எழுதி வைத்ததை அப்படியே வாசித்தார்: "அதிகாரத்துக்காக ஒரு நிமிடத்தைக்கூட வெட்ட மறுத்த பெண்மணி." எல்லோரும் எழும்பி நின்று கைதட்டினார்கள்.

இலோனா கையைத் தூக்கினார். தட்டல் நிற்கும்வரை தூக்கியபடியே இருந்தார். பிறகு மைக்கை வாங்கி மார்கித்தின் கதையைச் சொன்னார். உங்களுக்குச் சொன்னது போலவே, ரயில், நடை, தலைச்சீலை, கன்ரீன். "அமைச்சுக்கு இல்லை என்று சொன்னதற்காக நீங்கள் கைதட்டுகிறீர்கள். அதே வாரத்தில், அதே வாயால், அவளுக்கும் இல்லை என்று சொன்னேன். நேற்று வெட்டிவிட்டேன். அவள் உயிரோடு இருக்கிறாளோ தெரியாது."

பின்னால் ஒருவர் எழும்பி, அந்தப் பெண்ணின் சாட்சியத்தை நீங்களே அழித்துவிட்டீர்களே, இதுவும் தணிக்கைதானே என்று கேட்டார். கோபமாகத்தான் கேட்டார், கேள்வியில் நியாயமும் இருந்தது. இலோனா யோசித்தார். "இருக்கலாம். எனக்கு எண்பது வயது. இரண்டில் ஒரு பிழையோடுதான் நான் சாக வேண்டும். இந்தப் பிழையோடு போகிறேன்" என்றார். சிலர் வெளியே போனார்கள். அவர்களில் என்னோடு படித்தவர்களும் இருந்தார்கள்.

அடுத்தது உங்கள் படம். நீங்கள் கேட்டபடி, ஒன்பது நிமிடம் இல்லாமல். அது ஓடும்போதுதான் கடைசி வரிசையில் ஒரு ஆள் தனியாக இருப்பதைக் கண்டேன். வேலைச் சப்பாத்தோடு வந்திருந்தார். நீங்கள் உடுப்பு மடித்துக்கொண்டு பக்கத்து வீட்டுப் பெண்ணோடு சிரிக்கிற இடத்தில் அவர் முன்னுக்குச் சாய்ந்து பார்த்தார். அந்தச் சிரிப்புத்தான் அவருடைய முகத்திலும். நான் விசாரிக்கத் தேவையில்லாமல் போயிற்று.

படம் முடிந்ததும் அபிஷன் நேராக இலோனாவிடம் வந்தார். முழங்காலில் நின்று அவருடைய இடது காதுக்குள் ஏதோ சொன்னார். இலோனா அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு ஏதோ கேட்டார். நான் தள்ளியே நின்றேன். இந்த முறை மொழிபெயர்க்க ஒருவரும் தேவைப்படவில்லை.

துர்க்கா


விட்பி
9 ஜூன் 2024

அன்புள்ள துர்க்கா,

அன்றைக்கு அபி வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றாமலே குசினிக்குள் நின்றான். அவ்வளவு நாளைக்குப் பிறகு முதல் பேச்சு, "அந்த அம்மா உங்களைக் கேட்டவா" என்பதுதான். இலோனாவிடம் என்ன சொன்னாய் என்று கேட்டேன். "தாங்க்ஸ் சொன்னன்" என்றான். "எதுக்கு?" "வெட்டினதுக்கு. எட்டு வயசில அதை ஸ்கூல்ல ஆரும் சொல்லி நான் கேட்டிருந்தா என்ன ஆகியிருப்பன் எண்டு தெரியாது." பிறகு சொன்னான், "ஆனா அதுக்காக உங்களோட கோவம் போகேல்ல, அம்மா. கொஞ்ச நாள் செல்லும்." சரி என்றேன். எவ்வளவு செல்லுமோ செல்லட்டும்.

பாரிசுக்கு எழுதியிருக்கிறான். மூத்தவள் பதில் போட்டிருக்கிறாள், அரைவாசி பிரெஞ்சில். அண்ணா என்றுதான் தொடங்கியிருக்கிறாளாம். தகப்பன் தனக்கு ஒரு மகன் இருப்பதை அவர்களுக்கும் சொல்லவில்லை. அதை எனக்கு வாசித்துக் காட்டினான். எனக்கு அந்தப் பிள்ளைகள்மேல் கோபம் வரும் என்று பயந்துகொண்டிருந்தேன். வரவில்லை.

இலோனாவை எப்போது வீட்டுக்கு விடுவார்கள்? விட்டதும் ஒரு ஞாயிற்றுக்கிழமை இங்கே கூட்டிக்கொண்டு வாரும். வாசலில் மூன்று படி இருக்கிறது, அபி தூக்குவான். இந்த முறை சூப்பில் உப்புப் போடுவேன். நீரும் இருந்து சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும். படிக்கட்டில் கத்தினது இத்தோடு சரி, இனி ஒரு கடிதத்திலும் அதை எழுதாதேயும்.

நேற்றுப் பின்னேரம் அந்தப் பார்சலைப் பிரித்தோம். அவன்தான் எடுத்து வந்தான். தொலைக்காட்சியில் போட்டுவிட்டுப் பக்கத்தில் இருந்தான். நான் என்னைப் பார்க்கவில்லை, அவனையே பார்த்துக்கொண்டிருந்தேன். நான் பேசுகிறேன், மெஷின் சுற்றுகிற சத்தம் கேட்கிறது, நான் அழாமல் இருக்கப் பார்க்கிறேன், முடியாமல் சேட்டு ஒன்றை எடுத்து முகத்தில் வைக்கிறேன். ஒன்பது நிமிடமும் அவன் அசையவில்லை.

முடிந்த பிறகு ரிமோட்டை எடுத்துத் தொலைக்காட்சியை நிறுத்தினான்.

"அம்மா, அப்ப உங்களுக்கு எத்தினை வயசு?"

"முப்பத்தொண்டு."

"என்னைவிடச் சின்னப்பிள்ளை," என்றான்.

உம்முடைய
புனிதா அக்கா